நாலு ஓட்டையில் நின்ற வேலை

ஆகஸ்ட் 6, திங்கள்

காலையிலிருந்து தூறல். விடுமுறையின் மூன்றாம் நாள். பத்தாம் வகுப்பு கணித விடைத்தாள் கட்டு அலுமாரி மேல். தொடவில்லை.

இன்றைய வேலை: முன்கூடத்து ஹோல் சீலிங்கில் அடையாளம் வைப்பது. சீலிங் அடித்து ஏழு மாதம். அதற்குள் பதிப்பதற்கு வாங்கிய ஆறு வட்ட விளக்கும் இன்னும் பெட்டியோடு கட்டிலுக்கு அடியில். மனைவி சுகந்தி (எழுதச் சோம்பல், இனி சு.) தபால் கந்தோரில் கூட வேலை செய்பவளின் வீட்டில் இந்த மாதிரி பார்த்துவிட்டு வந்தாள். "விளக்கு வெளியில தெரியாது. வெளிச்சம் மட்டும்தான் இருக்கும்" என்றாள். அபூர்வமாகத்தான் எதையாவது கேட்பாள். இந்த வீட்டில் இதற்கு முன் அவள் கேட்டது சமையலறைக்கு ஒரு பக்கக் கதவு. அது நடந்து ஐந்து வருடம். அதைப் பற்றி இங்கே எழுதப் போவதில்லை.

ஹோல் 14 அடி, 12 அடி. ஒரு வரிசைக்கு மூன்று, இரண்டு வரிசை. சுவரிலிருந்து முதல் விளக்கு 2 அடி 4 அங்குலம், அடுத்தது 7 அடி, அடுத்தது 11 அடி 8. மற்றப் பக்கம் 3 அடி, 9 அடி. பிழை இல்லை. இரண்டு தரம் பார்த்தேன்.

மாலை வயரிங் வேலை பார்க்கும் பாஸ் றவூப் வந்தார், அண்ணன் முறையில் நானா என்றுதான் கூப்பிடுவேன். சீலிங் அடிப்பதற்கு முன்பே வயரை மேலே இழுத்து வைத்தவர் அவர்தான். என் பென்சில் புள்ளிகளை அண்ணாந்து பார்த்தார். ஏணியில் ஏறி விரல் முட்டியால் தட்டித் தட்டிக் கேட்டார். நடுவில் உள்ள இரண்டு புள்ளிக்கும் மேலே மரச்சட்டம் ஓடுகிறதாம்.

"சேர், ஒங்கட கணக்கு சரிதான். சட்டத்துக்குத்தான் கணக்குத் தெரியாது."

முதலில் மூலை நாலும் வெட்டுவது, நடு இரண்டையும் சட்டத்துக்குக் கொஞ்சம் தள்ளி மறுநாள் வெட்டுவது, எல்லாம் முடிந்ததும் விளக்கு மாட்டுவது என்று முடிவு.

வாங்க: ஒட்டும் டேப், சின்ன கனெக்டர் ஒரு பட்டை, கடலைப்பருப்பு, சு.வின் செருப்புக்குத் தையல்.

ஆகஸ்ட் 7, செவ்வாய்

மழை விட்டது. ஒன்பதுக்கு நானா வந்தார்.

டிரில்லில் மாட்டும் வட்ட வாள். அதன் காம்பில் அடியில் ஓட்டை போட்ட ஐஸ்கிரீம் டப்பா ஒன்றைக் கவிழ்க்காமல் நிமிர்த்திக் கோத்திருந்தார், தூள் அதற்குள் விழுவதற்கு. பாதி விழுந்தது. மீதி என் தலையில். ஜிப்சம் தூள் வாய்க்குள் போனால் கரும்பலகைச் சோக் கட்டியின் ருசி. எனக்குப் பழக்கமானதுதான்.

முதல் வட்டம் அப்பளம் மாதிரி கழன்று கையில் வந்தது. இருட்டாக ஒரு துளை, அதற்குள் இருந்து வயர் நுனி. நாலாவதை நானே வெட்டினேன். நானா கீழே நின்று ஏணியைப் பிடித்துக்கொண்டு, "அமத்த வேணாம் சேர், வாள் அதுவே உள்ளுக்குப் பெய்த்திரும்" என்றார். நாற்பத்தொரு வயதில் இவ்வளவு சந்தோஷம் தேவையில்லைதான். இருந்தாலும் சந்தோஷமாக இருந்தது.

நடுவில் தொங்கிய பழைய டியூப் லைட்டையும் கழற்றியாகிவிட்டது. புது விளக்கு மாட்டும்வரை ஹோலுக்கு சமையலறை வெளிச்சம்தான்.

சு. ஐந்தரைக்கு வந்தாள். கதவருகே பையோடு நின்று மேலே பார்த்தாள். நாலு துளையையும் ஒவ்வொன்றாக. தூசி என்று சேலைத் தலைப்பால் மூக்கைப் பொத்திக்கொண்டு உள்ளே போனாள். சாப்பாடு அரைவாசிதான். கந்தோரில் ஏதோ பிரச்சினை என்று நினைத்தேன்.

ஆகஸ்ட் 8, புதன்

எழுதத்தான் வேண்டும்.

காலை ஏழு மணி. நான் ஏணியை விரித்துக்கொண்டிருந்தேன். சு. தலை சீவிக்கொண்டே வந்து சொன்னாள்: "நாள் தள்ளிப் போயிருக்கு. பதினோரு நாள். நேத்து டெஸ்ட் பண்ணிப் பாத்தேன். இருக்கு."

அவ்வளவுதான். நேரம் சொல்கிற மாதிரி சொன்னாள்.

நான் என்ன சொன்னேன் என்று சரியாக ஞாபகம் இல்லை. கையைப் பிடித்தேன். கை ஈரமாக இருந்தது. மூன்று மாதம் ஆகும்வரை யாரிடமும் சொல்லக் கூடாது, உங்கள் அம்மாவிடமும் கூடாது என்றாள். சரி என்றேன். பிறகு ஏணியை மடக்கினேன். நானாவுக்குப் போன் போட்டு இன்றைக்கு வர வேண்டாம் என்றேன்.

"ஏன் சேர்? நடு ரெண்டும் தானே மிச்சம்."

"ஆடி முடியட்டும் நானா."

"நேத்தும் ஆடிதானே சேர்."

பிறகு கூப்பிடுகிறேன் என்று வைத்துவிட்டேன். சு. பார்த்துக்கொண்டு நின்றாள். நிறுத்தச் சொல்லி அவள் கேட்கவில்லை. நானாகத்தான் செய்தேன். அவளுக்கு நிம்மதியாக இருக்கட்டும் என்று. முகத்தில் நிம்மதி எதுவும் தெரியவில்லை, பஸ் நேரம் வேறு. போய்விட்டாள்.

எழுதப் போவதில்லை என்ற விஷயம். ஐந்து வருடத்துக்கு முன் சு. ஐந்து மாதக் கர்ப்பம். சமையலறையில் பின்கதவைத் திறந்தால் மழை நேரே அடுப்புக்கு அடிக்கும். பக்கத்தில் ஒரு கதவு இருந்தால் நல்லது என்றாள். சுவரை இடித்துக் கதவு வைத்தோம். பன்னிரண்டாம் நாள் குழந்தை போய்விட்டது. ஆண். ஆஸ்பத்திரி நடையில் வைத்து அம்மா எல்லாருக்கும் கேட்க, "வயித்துல புள்ளைய வச்சுக்கிட்டு யாராச்சும் செவத்த இடிப்பாங்களா?" என்றாள். எங்கள் ஆட்களில் இது எல்லாருக்கும் தெரிந்த விதி. வீட்டில் முழுகாமல் இருக்கிறவள் இருந்தால் ஆணி அடிக்காதே, சுவரை வெட்டாதே, கூரையைத் தொடாதே. நான் அம்மாவோடு சண்டை போட்டேன். இரண்டு மாதம் பேசவில்லை. டொக்டர் சொன்ன காரணம் வேறு. கர்ப்பப்பை வாய் பலவீனம், அடுத்த தடவை தையல் போட வேண்டும் என்று எழுதியே தந்தார். அந்தக் கடுதாசி அலுமாரியில் இருக்கிறது.

நான் கணிதம் படிப்பிக்கிறவன். விஞ்ஞான டீச்சர் லீவு என்றால் அதையும் படிப்பிக்கிறவன். ஓட்டைக்கும் கருவுக்கும் சம்பந்தம் இல்லை என்று பத்தாம் வகுப்புப் பிள்ளைக்குக்கூடச் சொல்வேன். ஆனால் அந்த டிரில்லை இன்று கையில் எடுக்க என்னால் முடியாது.

ஆகஸ்ட் 9, வியாழன்

நாலு துளையும் என்னையே பார்க்கிற மாதிரி இருக்கிறது. கடுதாசி வைத்து ஒட்டலாமா என்று யோசித்தேன். ஒட்டுவதும் வீட்டில் கை வைப்பதுதானே என்று இன்னொரு யோசனை. எனக்கே சிரிப்பு வந்தது. ஒட்டவில்லை.

சு. சாதாரணமாக இருக்கிறாள். கொஞ்சம் அதிகமாகவே சாதாரணமாக. கேட்டதற்குப் பதில், அதற்கு மேல் இல்லை.

விடைத்தாள் பதினொன்று திருத்தினேன். ஒரு பையன் வட்டத்தின் பரப்பு கேட்டதற்கு வட்டத்தை மிக அழகாக வரைந்திருக்கிறான். அழகுக்கு இரண்டு புள்ளி கொடுத்தேன்.

ஆகஸ்ட் 10, வெள்ளி

ஆடி வெள்ளி. அம்மா நாவலப்பிட்டியிலிருந்து பத்து மணி பஸ்ஸில். நாளைக்கு ஆடி அமாவாசை, அப்பாவுக்கு எள்ளும் தண்ணீரும் விட வேண்டும். வருடா வருடம் வருவாள். பையில் தோட்டத்துக் கீரை, புளிவாழைக்காய், எனக்கு வெற்றிலைச் சுருள் மாதிரி மடித்த திருநீறு.

செருப்பைக் கழற்றுமுன் மேலே பார்த்துவிட்டாள்.

"என்னடா தம்பி இது? ஆடியில வீட்ட வெட்டி வச்சிருக்க?"

"லைட் மாட்டுறதுக்கும்மா."

"அப்ப மாட்டு. ஏன் இப்பிடி வாயப் பொளந்துகிட்டு நிக்குது?"

"பாஸுக்கு வேற வேல வந்துருச்சு."

பொய். லீவு போட்ட சு. அடுப்படியில் வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தாள். தலை நிமிரவில்லை. அம்மாவுக்குக் காரணத்தைச் சொன்னால் ஒரு வார்த்தை பேசமாட்டாள். காரணத்தைச் சொல்ல முடியாது. சொல்லாவிட்டால், தொடங்கிய வேலையை அரையில் விடுவது தரித்திரம் என்று விடமாட்டாள். ஒரு விதியைக் காப்பாற்றப் போய் இன்னொரு விதியிடம் மாட்டிக்கொண்டோம்.

மாலை மட்டும் ஏழு தரம் சொன்னாள். எண்ணினேன்.

ஆகஸ்ட் 11, சனி

விடியலில் ஆற்றுக்கு. மகாவலி கலங்கல். நல்ல கூட்டம். அப்பா பெயரைச் சொல்லித் தண்ணீர் விட்டபோது மனதுக்குள் வேறொன்றும் கேட்டேன். இப்படியெல்லாம் கேட்கிறவன் இல்லை நான். கேட்டேன்.

மத்தியானம் விரதச் சாப்பாடு. வாழைக்காய்ப் பொரியல் நன்று. சு. இரண்டாம் தரம் சோறு வாங்கினாள். அதைப் பார்க்க எனக்கு ஏற்பட்ட ஆறுதல்!

மூன்று மணியளவில் அம்மா ஹோலில் கதிரையில் உட்கார்ந்திருந்தாள். மேலே துளையிலிருந்து பல்லி ஒன்று நேராக அவள் தோளில். அம்மா போட்ட சத்தத்தில் அடுத்த வீட்டு நாய் குரைத்தது. தலையோடு குளித்துவிட்டு வந்து காலண்டரின் பின்பக்கத்தில் பல்லி விழும் பலனை என்னை வாசிக்கச் சொன்னாள். நல்ல பலன்தான் போட்டிருந்தது. நம்பவில்லை.

"காலண்டர் அடிக்கிறவன் வீட்டு சீலிங்ல ஓட்ட இருக்குமா?"

சு. சிரித்தாள். புதன்கிழமைக்குப் பிறகு முதல் தடவை.

ஆகஸ்ட் 12, ஞாயிறு

வெயில். துணி காய்ந்தது. நாளைக்கு ஸ்கேன், பேராதனையில். அம்மாவிடம் பேங்க் வேலை என்று சொல்லி இருக்கிறோம். இரண்டு பேருமா போகணும் என்று கேட்டாள். இரண்டு கையெழுத்து வேண்டும் என்றேன். பொய் சொல்வதும் கணக்குத்தான், ஒரு படி தவறினால் விடை மாறும்.

விடைத்தாள் இன்னும் இருபத்தெட்டு.

ஆகஸ்ட் 13, திங்கள்

முதலில் ஸ்கேன்.

ஒன்றரை மணி நேரம் காத்திருந்தோம். டொக்டர் அம்மா சிங்களம், மெதுவாகப் பேசுகிறவர். கரு இருக்கும் பை தெரிகிறது, இருக்க வேண்டிய இடத்தில் இருக்கிறது. துடிப்பு இன்னும் தெரியவில்லை. ஆறு கிழமை, நாற்பது நாள்தான் ஆகியிருக்கும், சில பேருக்குத் தெரியாது, பயப்பட வேண்டாம். "தவ தவஸ் தஹயகின் என்ன." இன்னும் பத்து நாளில் வாருங்கள்.

பத்து நாள்.

பஸ்ஸில் சு. ஜன்னல் பக்கம். நான் அவள் பையை மடியில் வைத்துக்கொண்டு.

வீட்டு வாசலில் நானாவின் மோட்டர் சைக்கிள்.

உள்ளே போனால் ஆறும் எரிகிறது. பட்டப்பகலில் ஆறு விளக்கும் எரிய, ஹோல் கடை மாதிரி இருந்தது. நடுவில் இரண்டு புதுத் துளை, அதற்குள் இரண்டு விளக்கு. தரையைக் கூட்டி, துடைத்து, ஏணியையும் மடக்கி வைத்தாகிவிட்டது. அம்மா முகமெல்லாம் பூரிப்பு. மெயின் சுவிட்ச் பெட்டியின் கதவில் நானா பென்சிலால் எழுதி வைத்த நம்பரைப் பார்த்துப் போன் போட்டிருக்கிறாள்.

நானா வயர் துண்டுகளைப் பொறுக்கிக்கொண்டே சொன்னார்: "சேர்ட உம்மா கூப்புட்டாங்க. நீங்க பெய்த்து வாரதுக்குள்ள முடிச்சுத் தரச் சொன்னாங்க. ஒங்களுக்கும் வேல முடிஞ்சாச் சரிதானேன்னு வந்தன்."

அவரைச் சொல்லிக் குற்றமில்லை. தேநீர்கூடக் கொடுக்காமல் அனுப்பினேன். கூலியைப் பிறகு வாங்கிக்கொள்கிறேன் என்று போய்விட்டார், ஏதோ சரியில்லை என்று விளங்கியிருக்கும்.

சு. நடுவில் நின்று மேலே பார்த்தாள். அறைக்குள் போய்க் கதவைச் சாத்தினாள். பூட்டவில்லை. சாத்தினாள்.

"என்னடா, அவளுக்குப் புடிக்கலையா? அவதான ஆசப்பட்டா?"

நான் பல்லைக் கடித்துக்கொண்டு இருந்திருக்கலாம். இருக்கவில்லை.

"அவ முழுகாம இருக்காம்மா. இப்ப ஸ்கேனுக்குப் போயிட்டுத்தான் வர்றோம். துடிப்பு தெரியல."

சொன்ன மறுகணம் நாக்கைப் பிடுங்கிக்கொள்ளலாம் போல் இருந்தது. யாருக்கும் சொல்லமாட்டேன் என்று சு.வுக்குக் கொடுத்த வாக்கு ஒரு கிழமைகூட நிற்கவில்லை. அம்மா கோபப்படவில்லை. ஏன் முன்னமே சொல்லவில்லை என்றும் கேட்கவில்லை. மேலே பார்த்தாள். நடு இரண்டையும் மட்டும்.

"நான்ல வெட்டச் சொன்னேன்" என்றாள்.

சுவிட்சைத் தேடி அணைத்துவிட்டு, சுவரைப் பிடித்தபடி அப்படியே தரையில் உட்கார்ந்தாள்.

ஆகஸ்ட் 14, செவ்வாய்

அம்மா இன்று ஊருக்குப் போக வேண்டியவள். போகவில்லை. போ என்று நாங்களும் சொல்லவில்லை.

ஒரு நேரச் சாப்பாடுதானாம் இனி. ஹோலைக் கடக்கும்போது சுவரோரமாகவே நடக்கிறாள், நடு விளக்குகளுக்குக் கீழே கால் வைப்பதில்லை. விளக்கைப் போட விடுவதுமில்லை. பழைய டியூப்பும் இல்லை. பொழுது சாய்ந்ததும் மூன்று பேரும் சமையலறையிலிருந்து விழுகிற வெளிச்சத்தில்.

சு.விடம் மன்னிப்புக் கேட்டேன், அம்மாவிடம் சொல்லிவிட்டதற்கு. "தெரிஞ்சது தெரிஞ்சிருச்சு" என்றாள். பிறகு, "அவங்களத் திட்டாதீங்க. அவங்களுக்கு என்ன தெரியும்" என்றாள். ஐந்து வருடத்துக்கு முன் அவளுக்காக இப்படி யார் பேசினார்கள்?

வெட்கமான விஷயம், எழுதி வைக்கிறேன். இன்று விடைத்தாள் திருத்தும்போது ஓரத்தில் பென்சிலால் எழுதியிருக்கிறேன்: என் நாலு ஓட்டை, அம்மாவின் இரண்டு. எதற்கு இந்தக் கூட்டல்? அழித்தேன்.

ஆகஸ்ட் 16, வியாழன்

இன்றிலிருந்து கண்டியில் பெரஹரா ஊர்வலம். யானை ஏற்றிய லொறி ஒன்று கொழும்பு வீதியில் போனது. கடை வாசலில் எல்லாரும் வெளியே வந்து பார்த்தார்கள். நானும். ஒரு யானை, பின்னால் தென்னோலை, ஓலைமேல் சாரத்தோடு தூங்குகிற மனுசன்.

சு.வுக்குக் காலையில் குமட்டல். எனக்கு மகிழ்ச்சி. குமட்டலுக்கு மகிழ்கிற புருஷன். அம்மா இஞ்சி தட்டிக் கொடுத்தாள்.

றவூப் நானா வந்து கூலி வாங்கிப் போனார். வாசலிலேயே நின்றார். எப்படியோ தெரிந்திருக்கிறது, அம்மாவே சொல்லியிருப்பாள். "சேர், எங்கட ஊட்லயும் உம்மாமார் இப்பிடித்தான் சொல்றது, சாமான அங்க இங்க அரக்காத, ஆணி அடிக்காதன்னு. எனக்கு அஞ்சு புள்ளயள். நான் வயரிங் பாஸ். அஞ்சு பேர்ட நேரத்திலயும் ஊட்ல எங்கயாச்சும் தொளச்சிக்கிட்டுத்தான் இருந்தன்." கொஞ்சம் நின்று, "அல்லாஹ் போதுமானவன்" என்றார்.

நல்ல மனுசன். ஆறுதல் அரை மணி நேரம் நின்றது.

ஆகஸ்ட் 18, சனி

மழை. கூரையில் பெய்கிற சத்தம் துளை வழியாக முன்னைவிடப் பெரிதாகக் கேட்கிற மாதிரி. மாதிரிதான். விளக்கு அடைத்துக்கொண்டிருக்கிறது.

பின் தாழ்வாரத்தில் அம்மா துணி அலம்பிக்கொண்டிருந்தாள். என்னைக் கூப்பிட்டாள்.

"தம்பி, அந்த ரெண்ட மட்டும் கழட்டி அடச்சிட்டா?"

"அடைக்கிறதுக்கும் ஆணி அடிக்கணும்மா."

யோசித்தாள். அதற்கு வழி இல்லை என்று விளங்கியது.

"ஒங்க படிப்புல என்னா சொல்லுது?"

சொன்னேன். கரு எப்படி வளர்கிறது, எதனால் நின்றுபோகிறது, போன தடவை டொக்டர் என்ன காரணம் எழுதித் தந்தார், எல்லாம். அலுமாரியிலிருந்து கடுதாசியையும் எடுத்து வந்து காட்டினேன். அம்மாவுக்கு ஆங்கிலம் தெரியாது, ஆனாலும் விரலை வைத்து ஒவ்வொரு வரியாகப் பார்த்தாள்.

"இத ஏன் அன்னைக்கே எனக்கு வாசிச்சுக் காட்டல?"

சண்டையில் இருந்தோம் என்றேன். அதுதான் காரணமா என்று எனக்கு நிச்சயமில்லை. நல்ல வாத்தியாராக நின்று விளக்கினேன், சந்தேகமே இல்லாத குரல். அந்தக் குரலை நம்பி இருபது வருடமாகப் பிள்ளைகள் பரீட்சை எழுதியிருக்கிறார்கள்.

ஆகஸ்ட் 20, திங்கள்

கட்டு முடிந்தது. முப்பத்தொன்பது பேர். வட்டம் வரைந்தவனுக்கு மொத்தம் இருபத்தாறு.

பொழுதுபட சு. ஹோலுக்கு வந்து ஆறு விளக்கையும் போட்டாள். யாரையும் கேட்கவில்லை. கீழே பாய் விரித்துத் தபால் கந்தோர் பேரேடு ஒன்றை வைத்துச் சரி பார்த்தாள், வீட்டுக்குக் கொண்டுவரக் கூடாததுதான். அம்மா அடுப்படியிலிருந்து எட்டிப் பார்த்துவிட்டு அங்கேயே நின்றாள். நான் பக்கத்தில் போய் உட்கார்ந்தேன். வெளிச்சம் நல்லது. கண்ணில் அடிக்கவில்லை, நிழல் விழவில்லை. 2 அடி 4 அங்குலம் சரியாகத்தான் இருக்கிறது என்றேன். "ம்" என்றாள்.

ஏதோ மனத்தாங்கல் என்மேல் இருக்கிறது அவளுக்கு. அம்மாவிடம் சொன்னதற்காக இல்லை. அதற்கு முன்னாலிருந்தே. கேட்டேன். ஒன்றுமில்லை என்றாள்.

ஆகஸ்ட் 22, புதன்

நாளைக்கு.

பால்மா, சவர்க்காரம், பஸ்ஸுக்குச் சில்லறை. அம்மா கோயிலுக்குப் போய் வந்தாள், நடந்தே. வேறு எழுத வரவில்லை.

ஆகஸ்ட் 23, வியாழன்

மூடுபனி, பிறகு வெயில். ஏழரை பஸ். பெரஹரா நெரிசல், பேராதனைக்கே ஒரு மணி நேரம்.

துடிப்பு இருக்கிறது.

டொக்டர் அம்மா திரையை எங்கள் பக்கம் திருப்பினார். அவரைக்கொட்டை அளவில் ஒன்று. அதற்குள் படபடவென்று. நான் எண்ணப் பார்த்தேன், எண்ண முடியவில்லை, அவ்வளவு வேகம். சு. கண் வாங்காமல் பார்த்தாள். இன்னும் நாலு கிழமையில் வர வேண்டும். மூன்று மாதம் முடிந்ததும் தையல் போட வேண்டி வரும். பாரம் தூக்கக் கூடாது. முழுதாகக் கடந்துவிட்டோம் என்று நினைக்க வேண்டாம், ஆனால் இன்றைக்கு நல்லது என்றார். இன்றைக்கு நல்லது. போதும்.

அம்மா வாசலிலேயே நின்றிருந்தாள். சொன்னேன். கையெடுத்துக் கும்பிட்டாள். உள்ளே வந்தாள், பத்து நாளில் முதல் தடவையாக ஹோலின் நடுவில் கதிரையை இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள். அழுவாள் என்று எதிர்பார்த்தேன். அழவில்லை. எதையோ கூட்டிக் கழிக்கிற முகம்.

"அப்ப வெட்டுனதால ஒண்ணும் ஆகல."

"ஆகலம்மா."

"அப்ப அன்னைக்கு..." நிறுத்திக்கொண்டாள்.

சு. பையை மேசையில் வைத்துவிட்டுத் திரும்பினாள். "அன்னைக்கு என்ன அத்தை?"

"விடும்மா. நல்ல சேதி வந்த நேரத்துல."

"இல்ல, சொல்லி முடிங்க. அஞ்சு வருஷமா காத்துக்கிட்டு இருக்கேன்."

குரல் உயரவில்லை. கந்தோர் கவுண்டரில் ஆளுக்கு முத்திரை எடுத்துக் கொடுக்கிற குரல். அம்மா தன் இரண்டு கையையும் மடியில் வைத்துப் பார்த்துக்கொண்டிருந்தாள். நான் ஏதாவது சொல்லி மூடிவிடலாம் என்று வாயெடுத்தேன். சு. என்னைப் பார்த்தாள். மூடிக்கொண்டேன்.

"கதவால இல்லம்மா" என்றாள் அம்மா. "நீ ஆசப்பட்டுக் கேட்டதால இல்ல. ஒன்னால இல்ல. நாந்தான் வாய்க்கு வந்ததச் சொல்லிப்புட்டேன். அத்தன பேருக்கு முன்னால."

பரவாயில்லை என்று சு. சொல்லவில்லை. "சரி அத்தை" என்றாள். அவ்வளவுதான். எனக்கு நெஞ்சு நிறைந்து போயிற்று. இதோடு எல்லாம் முடிந்தது என்று நினைத்தேன்.

அம்மாவுக்குத் தண்ணீர் எடுக்க சமையலறைக்குப் போனேன். சு. பின்னாலேயே வந்தாள்.

"நீங்க?" என்றாள்.

"நான் அன்னைக்கே அம்மாவோட சண்ட போட்டேனே."

"அவங்களோட போட்டீங்க. எங்கிட்ட வந்து ஒன்னால இல்லன்னு ஒரு தடவ சொன்னீங்களா?"

குழாயைத் திறந்து கிளாஸைப் பிடித்தேன்.

"நாள் தள்ளிப் போயிருக்குன்னு நான் சொன்ன அன்னைக்கு, அஞ்சு நிமிஷத்துல ஏணிய மடக்கினீங்க. நானாவுக்குப் போன் பண்ணி வராதீங்கன்னீங்க. நான் நிறுத்தச் சொல்லல. நீங்க சிரிச்சுக்கிட்டே மத்த ரெண்டையும் வெட்டுவீங்கன்னு நினச்சுத்தான் வேல முடியுறதுக்கு முன்னால வந்து சொன்னேன். போன வச்சீங்கல்ல, அப்ப தெரிஞ்சுபோச்சு. நீங்களும் கதவாலதான்னு நினச்சிருக்கீங்க."

தூசி உனக்கு ஆகாது என்று நிறுத்தினேன் எனலாம். ஆடி எனலாம். அம்மா வருகிறாள், வீட்டை ஒழுங்காக வைக்க வேண்டும் எனலாம். நல்ல பதில்கள் வரிசையில் நின்றன. கிளாஸ் நிறைந்து கையில் வழிந்தது.

"ஆமா" என்றேன். "நினச்சேன்."

"எப்ப இருந்து?"

"அன்னையில இருந்து."

குழாயை அவள்தான் மூடினாள். கிளாஸை என் கையிலிருந்து வாங்கி, வெளிப்பக்கத்தைத் துடைத்து, அம்மாவுக்குக் கொண்டுபோய்க் கொடுத்தாள்.